ஷிப்ட் பட்டியலில் இல்லாத சைக்கிள்

அன்பு மீனா,

உன் கடிதம் வந்து பன்னிரண்டு நாளாகிறது. வந்த அன்றைக்கே பதில் போடுகிற அம்மாவுக்கு என்ன ஆயிற்று என்று நினைத்திருப்பாய். ஞாயிற்றுக்கிழமை நீ போன் செய்தபோதும் "எழுதுறேன், எழுதுறேன்" என்று சொல்லி வைத்துவிட்டேன். எனக்கு உடம்புக்கு ஒன்றுமில்லை. அப்பாவும் நன்றாக இருக்கிறார். ராணுவத்தில் கிளார்க் வேலை பார்த்து ஓய்வு பெற்று ஆறு வருஷமாகியும், விடிந்ததும் பூட்ஸுக்குப் பாலிஷ் போடுவதை விடவில்லை. பாலிஷ் போட்ட பூட்ஸை வாசலில் வைத்துவிட்டு ரப்பர் செருப்போடு பால் வாங்கப் போகிறார். தாமதத்துக்குக் காரணம் உன் கேள்விதான். அதற்கு நேர்மையாகப் பதில் எழுத வேண்டுமென்றால் உன்னிடம் இதுவரை சொல்லாத ஒன்றைச் சொல்லியாக வேண்டும். இரண்டு தடவை எழுதிக் கிழித்துவிட்டேன். இது மூன்றாவது.

கையால் எழுதிய எண்களைக் கம்ப்யூட்டர் வாசிக்கும்படி நீ எழுதிய புரோகிராமை ஒரு கம்பெனி கேட்கிறது. தபால் உறையில் இருக்கிற பின்கோடை இயந்திரமே வாசித்து ஊர்வாரியாகப் பிரிக்கப்போகிறது. உன் பேராசிரியருக்குச் சம்மதம். ஆய்வேட்டை அப்புறம் முடித்துக்கொள்ளலாம், இப்போதே வந்து சேர் என்கிறார்கள். வருகிற மாதம் முதல் வாரம் ஒப்பந்தம். "போகவா, வேண்டாமாம்மா?" என்று கேட்டிருக்கிறாய். படித்ததும் எனக்கு முதலில் வந்தது கவலை இல்லை, ஆவல். அது எப்படித்தான் வாசிக்கும்? அப்பா ராஜஸ்தானிலிருந்தும் அஸ்ஸாமிலிருந்தும் போட்ட பழைய கடிதங்களை எடுத்து வைத்துக்கொண்டு, ஒரு மத்தியானம் முழுக்க அவருடைய ஒன்றையும் ஏழையும் பிரித்துப் பார்த்தேன். கல்யாணமாகி இத்தனை வருஷமான எனக்கே பாதி தப்பு. அவரிடம் காட்டினால், "இது ஒண்ணு... இல்ல, இரு, ஏழுதான்" என்கிறார். உன் புரோகிராம் அநேகமாக எல்லாவற்றையும் சரியாகச் சொல்லிவிடுகிறது என்று எழுதியிருந்தாய். தப்பாகச் சொல்கிற அந்தக் கொஞ்ச உறைகள் எங்கே போகும், யார் கையில் போய்ச் சேரும் என்று எனக்குத் தெரிந்துகொள்ள வேண்டும். அதை நீ எழுதவில்லை. நானும் உன் இடத்தில் இருந்தபோது அதை யாருக்கும் எழுதியதில்லை.

எண்பத்தைந்தில் நான் ராஜபாளையத்தில் கல்லூரியில் கணக்கு சொல்லிக்கொடுத்துக்கொண்டிருந்தேன். கல்லூரி என்னை ஆராய்ச்சிப் படிப்புக்கு மதுரைப் பக்கம் ஒரு பல்கலைக்கழகத்துக்கு அனுப்பியது. அப்பா எல்லையில். உனக்கு ஒன்பது வயது. ஸ்ரீவில்லிபுத்தூரில் நம் பக்கத்து வீட்டு ரோஸி அக்காவிடம் உன்னை விட்டுவிட்டுக் காலை முதல் பஸ் பிடிப்பேன். அங்கே கம்ப்யூட்டர் அறைக்குச் செருப்பைக் கழற்றிவிட்டுத்தான் போக வேண்டும். உள்ளே ஏசி குளிர். வெளியே நாற்பது ஜோடி செருப்பு வெயிலில் காயும். எந்தக் கோவிலிலும் நான் அவ்வளவு பயபக்தியோடு நின்றதில்லை. என் வழிகாட்டிப் பேராசிரியர், "வேலைகளைப் பங்கிடுகிற கணக்கு ஏதாவது ஒன்று எடுத்துக்கொள்ளுங்கள்" என்றார். ராஜபாளையத்தில் வேலை பார்த்தவளுக்கு வேறு என்ன தோன்றும்? மில்லுச் சங்குதான் எனக்குக் கடிகாரம். காலை ஆறு, மத்தியானம் இரண்டு, ராத்திரி பத்து என்று மூன்று ஷிப்டு. முந்நூறு பேரை அந்த மூன்றில் யாருக்கும் வஞ்சனை இல்லாமல், எந்த இயந்திரமும் ஆளில்லாமல் நிற்காமல் வாரா வாரம் எப்படிப் பங்கிடுவது? அதுதான் என் ஆராய்ச்சி. கேட்க எளிதாக இருக்கும். உட்கார்ந்து போட்டுப் பார்த்தால் தலை சுற்றும்.

ஒரு நூற்பாலையிலிருந்து மூன்று வருஷ வருகைப் பதிவேட்டை வாங்கி வந்து புரோகிராமுக்குத் தின்னக் கொடுத்தேன். அருமையாக ஓடியது. ஒவ்வொருவருக்கும் ராத்திரி ஷிப்டு சமமாக வந்தது. லீவு கேட்டவருக்கு லீவு வந்தது. பேராசிரியர் காகிதத்தைப் பிடித்துக்கொண்டு எழுந்தே நின்றுவிட்டார். அவர் மூலமாகத்தான் அந்த ஆலை முதலாளிக்கு விஷயம் போனது. வீட்டில் தெலுங்கு பேசுகிறவர் அவர். தமிழும் நன்றாகப் பேசுவார், ஆனால் ஒன்று பிடித்துப்போனால் மட்டும் தெலுங்கு தானாக வரும். நான் காட்டியதைப் பார்த்துவிட்டு, நல்லது என்பதைத் தெலுங்கில் "மஞ்சிதி, மஞ்சிதி" என்றார். அந்த ஊரிலேயே முதல் ஆளாக ஒரு கம்ப்யூட்டர் வாங்கிப் போட்டார். பஞ்சுத் தூசி உள்ளே போகாமல் இருக்க அதற்கென்று கண்ணாடி அறை கட்டினார். ஆயுத பூஜைக்குத் திரையில் சந்தனமும் குங்குமமும் வைத்துவிட்டார்கள். சந்தனத்தைத் துடைக்க யாருக்கும் தைரியம் வராததால், ஒரு மூலையில் எழுத்து தெரியாமலே பத்து நாள் வேலை பார்த்தேன்.

அதுவரைக்கும் அந்த ஆலையில் ஷிப்ட் பட்டியல் போட்டவர் டைம் கீப்பர் ஞானமுத்து. என்னைவிட நாலைந்து வயது மூத்தவர். ஒல்லி, வெடுக்கென்று பேசுவார். சனிக்கிழமை மத்தியானம் பென்சிலும் ரப்பருமாக உட்கார்ந்தால் நாலு மணி நேரத்தில் பட்டியல் தயார். என் புரோகிராமுக்குப் பதினோரு நிமிஷம். நான் அவரிடம் போய், பட்டியல் போடும்போது என்னென்ன பார்ப்பீர்கள் என்று முறையாகக் கேட்டேன், மீனா. கேட்காமல் ஒன்றும் செய்யவில்லை. "ஆளு, மிஷினு, லீவு. அம்புட்டுத்தான் டீச்சர்" என்றார். வேறு ஏதாவது என்று கேட்டேன். "வேற என்ன இருக்கு?" என்று பென்சில் சீவ ஆரம்பித்துவிட்டார். நான் அதை அப்படியே நோட்டில் எழுதிக்கொண்டு வந்தேன். மேனேஜர் என்னிடம் தனியாக ஒன்று கேட்டார். வருகை குறைந்த பதிலிகளின் பெயர்களை மாதக் கடைசியில் கம்ப்யூட்டரே அச்சடித்துக் கொடுத்துவிடுமா என்றார். பதிலி என்றால் நிரந்தரம் ஆகாதவர், யாராவது வராத இடத்தில் நின்று வேலை பார்க்கிறவர். சில வருஷம் ஒழுங்காக வந்தால்தான் நிரந்தரம் ஆவார், வராவிட்டால் பெயரை அடித்துவிடுவார்கள். அது என் ஆராய்ச்சியில் இல்லாத வேலை. ஆனாலும் அரை நாள் உட்கார்ந்து எழுதிக் கொடுத்தேன். கெட்டிக்காரி என்று பெயர் வாங்குகிற ஆசைதான்.

பட்டியல் ஒட்டிய முதல் வாரமே ஆட்கள் வருவது குறைந்தது. இரண்டாவது வாரம் இன்னும் மோசம். பத்து நிமிஷம், கால் மணி தாமதமாக வந்து கேட்டில் திருப்பி அனுப்பப்பட்டவர்களே நிறைய. மேனேஜர், "வேணும்னே முரண்டு பண்ணுதாங்கம்மா. கம்ப்யூட்டர் பிடிக்கல அவங்களுக்கு" என்றார். பேராசிரியர், பதிவேட்டில் தப்பு இருக்கும் என்றார். முதலாளி மட்டும் யார் பக்கமும் சாயவில்லை. "ஒண்ணு மிஷின் பொய் சொல்லுது, இல்ல மனுஷன் பொய் சொல்லுதான். எதுன்னு ஒரு வாரத்துல கண்டுபிடிச்சுச் சொல்லுங்க. இல்லன்னா பெட்டியை மூடிருவோம்" என்றார். எனக்கு அழுகையும் வந்தது, கூடவே ஒரு குறுகுறுப்பும் வந்தது. பல்கலைக்கழகத்தில் ஒரு பிசகு இல்லாமல் ஓடியது கேட்டுக்கு வெளியே ஏன் ஓடவில்லை? இடையில் என்னதான் இருக்கிறது? ஏட்டுச் சுரைக்காய் கறிக்கு உதவாது என்பார்களே, ஏன் உதவாது என்று யாராவது பார்த்தார்களா?

மூன்றாவது வாரம் நாலு நாள் பல்கலைக்கழகத்துக்கு லீவு போட்டுவிட்டு ஆலைக் கேட்டில் நின்றேன். ஷிப்டு மாறுகிற நேரம். ஆட்கள் வருகிறார்கள். சிலர் சைக்கிளில், சிலர் நடந்து. ஒன்றும் புரியவில்லை. வெயில் தாங்காமல் சைக்கிள் ஸ்டாண்டு நிழலுக்குப் போனேன். சும்மா நிற்க முடியாமல் சைக்கிள்களை எண்ணினேன். உனக்குத்தான் தெரியுமே, எண்ணுவதற்கு ஏதாவது கிடைத்தால் போதும் எனக்கு. எண்ணும்போதுதான் கண்ணில் பட்டது. முக்கால்வாசி சைக்கிளின் கேரியரில் ஒரு சாக்கை நாலாக மடித்துக் கயிற்றால் கட்டியிருந்தார்கள். ஸ்டாண்டு வாட்ச்மேனிடம் இது எதற்கு என்றேன். "டிபன் கேரியர் ஆடாம இருக்கதுக்கு டீச்சர்" என்றார். நான் சரியென்று தலையாட்டிவிட்டு நகர்ந்த பிறகுதான் உறைத்தது. டிபன் கேரியர் எல்லாம் ஹேண்டில் பாரில் அல்லவா தொங்குகிறது?

மறுநாள் மத்தியானம் ஒன்றரைக்குக் கேட்டில் நிற்காமல், ரோடு திரும்புகிற இடத்தில் இருந்த டீக்கடையில் போய் உட்கார்ந்தேன். பெண்பிள்ளை தனியாக வந்து டீக்கடையில் உட்கார்ந்ததைப் பார்த்து மாஸ்டர் கண்ணாடி கிளாஸைக் கழுவிக்கொண்டே இருந்தார். பத்து நிமிஷத்தில் எல்லாம் விளங்கிவிட்டது. சோழபுரம் பக்கமிருந்தும் மம்சாபுரம் பக்கமிருந்தும் வருகிற சைக்கிள்களில் பலவற்றில் இரண்டு பேர். டீக்கடை வந்ததும் பின்னால் இருக்கிறவர் குதித்து இறங்குகிறார். முன்னால் இருக்கிறவர் மிதித்துக்கொண்டு உள்ளே போகிறார். இறங்கியவர் வேட்டியைத் தட்டிவிட்டுக்கொண்டு, பிறந்ததிலிருந்தே நடந்து வருகிறவர் போல நடந்து உள்ளே போகிறார். இவர்கள் என் பட்டியலில் தற்செயலாக ஒரே ஷிப்டில் விழுந்தவர்கள். மற்ற ஜோடிகளில் ஒருவரைக் காலை ஷிப்டிலும் இன்னொருவரை மத்தியான ஷிப்டிலும் அது போட்டிருந்தது. சைக்கிள் ஒன்றுதான். பஸ்ஸோ சங்குக்கு ஏற்ப வருவதில்லை.

நேராக டைம் ஆபீசுக்குப் போனேன். "டபுள்ஸ் வர்றவங்களை ஒரே ஷிப்டில் சேர்த்துத்தானே நீங்க பட்டியல் போட்டீங்க?" என்றேன். ஞானமுத்து எழுந்து கதவைச் சாத்தினார். "டீச்சர், வெளிய போர்டைப் படிச்சியளா?" என்றார். படிக்கவில்லை. என்னைக் கூட்டிக்கொண்டு போய்க் காட்டினார். முன்னொரு சமயம் டபுள்ஸ் வந்த இரண்டு பேர் லாரியில் அடிபட்டதிலிருந்து, ஒரே சைக்கிளில் இருவர் வந்தால் வேலை நீக்கம் என்று மேனேஜர் கையெழுத்தோடு அறிவிப்பு ஒட்டியிருந்தது. "இதை நான் எழுதி வைக்க முடியுமா? எழுதலன்னு மறக்கத்தான் முடியுமா? அதான் மனசுலயே வச்சுப் போட்டேன். பதினோரு வருசமா ஒரு பய கண்டுபிடிக்கல. நீங்க கண்டுட்டிய" என்றார். அப்படியானால் நான் கேட்டபோது ஏன் சொல்லவில்லை என்று சண்டைக்குப் போனேன். "நீங்க பட்டியல் எப்படிப் போடுதேன்னு கேட்டிய. ஆளுக எப்படி வாராகன்னு கேக்கலையே" என்றார். கோபம் வந்தது. ஆனால் அவர் சொன்னதில் தப்பில்லை.

இப்போது உன்னிடம் ஒன்றை ஒப்புக்கொள்கிறேன். அன்றைக்கு நான் இருந்த சந்தோஷம் உன்னைப் பெற்ற அன்றைக்குக்கூட இருந்ததில்லை. ஸ்ரீவில்லிபுத்தூர் பஸ்ஸில் இடம் இல்லாமல் கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்றபடியே மனதுக்குள் புரோகிராமைத் திருத்திக்கொண்டு வந்தேன். இறங்கியதும் பால்கோவா வாங்கி ரோஸி அக்கா வீட்டில் கொடுத்தேன். எதற்கு என்று கேட்டாய். "அம்மா ஒரு விடுகதைக்கு விடை கண்டுபிடிச்சிட்டேன்" என்றேன். விடுகதை என்றுதான் சொன்னேன், பார். அந்த மூன்று வாரமும் கேட்டில் திருப்பி அனுப்பப்பட்டவர்கள் அந்தந்த ராத்திரி வீட்டுக்குப் போய் என்ன சொன்னார்கள் என்று ஒரு நிமிஷம் நினைத்துப் பார்க்கவில்லை.

பட்டியலில் ஒரு பத்தியைச் சேர்த்தேன். 'கூட்டு எண்' என்று பெயர் வைத்தேன். ஒரே கூட்டு எண் உள்ளவர்களைப் புரோகிராம் பிரிக்காது. சைக்கிள் என்ற வார்த்தை எங்கேயும் கிடையாது. ஞானமுத்துதான் ரகசியமாக உட்கார்ந்து எண்களைப் போட்டுக் கொடுத்தார். இரண்டே வாரத்தில் வருகை பழையபடி ஆகிவிட்டது. முதலாளி மறுபடியும் "மஞ்சிதி" என்றார். பல்கலைக்கழகத்தில் பேராசிரியர் கூட்டு எண்ணைப் பார்த்துத் துள்ளிவிட்டார். இதுவரை யாரும் யோசிக்காத நிபந்தனை, கட்டுரை எழுதுங்கள் என்றார். மெட்ராஸிலிருந்து ஒரு கம்பெனி, இதை எல்லா நூற்பாலைகளுக்கும் விற்கலாம் என்று வந்தது. அந்தத் துறையிலிருந்து ஒரு ஆராய்ச்சி வெளியே விலைக்குப் போவது அதுதான் முதல் தடவை. துணைவேந்தரே வந்து கையெழுத்துப் போடுவதாக நாள் குறித்தார்கள். எனக்குப் பட்டுச் சேலை எடுப்பதா, காட்டன் சேலையா என்று யோசனை.

கையெழுத்துக்குப் பத்து நாள் முன்னால், ஒரு ஞாயிற்றுக்கிழமை ஞானமுத்து நம் வீட்டுக்கு வந்தார். உனக்கு நினைவிருக்கிறதோ என்னவோ. இரண்டு ஓரமும் ஓட்டை போட்ட அச்சுக் காகிதம் ஒன்றை மடித்துக் கொண்டுவந்திருந்தார். நான் மேனேஜருக்காக எழுதிக் கொடுத்தேனே, அந்த நீக்கப் பட்டியல். அதில் ஒரே ஒரு பெயர். கருப்பசாமி. சோழபுரத்துக்காரர், நாலு வருஷமாகப் பதிலி, அடுத்த தை மாதம் நிரந்தரம் ஆகவேண்டியவர். சங்கரன் என்கிறவருடைய சைக்கிளில் பின்னால் உட்கார்ந்து வந்தவர். என் பட்டியல் அவர்களைப் பிரித்த மூன்று வாரத்தில் பாதி நாள் நடந்து வந்து, தாமதமாகி, கேட்டில் திருப்பப்பட்டிருக்கிறார். மாதக் கடைசியில் என் புரோகிராம் கர்மசிரத்தையாக அவர் பெயரை அச்சடித்திருக்கிறது. அதை நோட்டீஸ் போர்டிலும் ஒட்டிவிட்டார்கள். "மேனேஜர்ட்ட சொல்லிப் பார்த்தேன் டீச்சர். கம்ப்யூட்டர் போட்டது, நான் கை வைக்க முடியாதுங்கார். நீங்க ரெண்டு வரி எழுதிக் குடுங்க. தப்பு பட்டியல்ல, ஆளு மேல இல்லன்னு. அவிய நீங்க சொன்னா கேப்பாக."

நான் என்ன சொன்னேன் தெரியுமா? "ஒப்பந்தம் முடியட்டும் அண்ணே. பத்தே நாள். உடனே எழுதித் தர்றேன்" என்றேன். "பத்து நாள்ல அந்த எடத்துல வேற ஆளு நின்னுருவான் டீச்சர்" என்றார். இப்போது எழுதினால் டபுள்ஸ் விஷயம் வெளியே வரும், மற்ற எல்லாருக்கும் ஆபத்து என்றேன். கொடுத்த காபியைக் குடித்து முடித்து, டம்ளரைத் தானே கொண்டுபோய்த் தொட்டியடியில் வைத்துவிட்டு, "வாரேன்" என்று போய்விட்டார். பட்டியலில் தப்பு என்று எழுதச் சைக்கிளைப் பற்றி ஒரு வார்த்தையும் எழுதத் தேவையில்லை, மீனா. அது அவருக்கும் தெரியும், எனக்கும் தெரியும். என் புரோகிராம் தப்பு செய்தது என்று என் கையெழுத்தோடு ஒரு காகிதம் அந்தப் பத்து நாளில் ஊரில் நடமாடக் கூடாது. அதுதான் காரணம். வேறு காரணம் கிடையாது.

கையெழுத்தான மறுநாள் எழுதினேன். இடம் நிரம்பிவிட்டது, செய்வதற்கில்லை என்று மேனேஜரிடமிருந்து பதில் வந்தது. அந்தப் பதிலை ஒரு கோப்பில் வைத்துக் கட்டினேன். கடமையைச் செய்துவிட்டதாகவும் நினைத்துக்கொண்டேன். புரோகிராம் நன்றாக விற்றது. வேடிக்கை என்னவென்றால், கூட்டு எண் எதற்கு என்று வாங்கியவர்கள் யாருக்கும் தெரியாது. ஆளுக்கொரு உபயோகம் கண்டுபிடித்தார்கள். கோயம்புத்தூர்ப் பக்கம் ஒரு ஆலையில், புதிதாக வந்தவரைப் பழகியவரோடு சேர்த்து விடுவதற்கு அதை வைத்துக்கொண்டார்களாம். இன்னொரு ஆலையில் ஒரே குழுவாகக் கபடி ஆடுகிறவர்களுக்கு ஒரே எண். இதைக் கேட்டபோதெல்லாம் எனக்குச் சிரிப்பாகவும் ஆச்சரியமாகவும் இருக்கும். ஒரு பொருள் நம் கையை விட்டுப் போனபிறகு அதற்கு வருகிற வாழ்க்கையே வேறு. நீக்கப் பட்டியலையும் எல்லாரும் உபயோகித்தார்கள். அதை எப்படி உபயோகித்தார்கள் என்று மட்டும் நான் யாரிடமும் கேட்டதில்லை.

அதனால், நீ போ. நான் வேண்டாம் என்று சொல்வேன் என்று எதிர்பார்த்திருந்தால் ஏமாந்தாய். பல்கலைக்கழகத்துக்குள்ளேயே இருந்திருந்தால் அந்தச் சாக்கு என் கண்ணில் பட்டிருக்காது. குளிர் அறையில் உட்கார்ந்து நாற்பது வருஷம் யோசித்தாலும் கூட்டு எண் வந்திருக்காது. வெளியே கொண்டுபோனால்தான் நம் அறிவு எம்புட்டு என்று நமக்கே தெரிகிறது. ஆய்வேடு எங்கேயும் ஓடிவிடாது, உன் பேராசிரியரும் ஓடமாட்டார், அவருக்கும் கம்பெனியில் பங்கு இருக்கிறதே. ஆனால் கையெழுத்துப் போடுவதற்கு முன்னால் தபால் பிரிக்கிற இடத்தில் போய் ஒரு வாரம் உட்கார். இப்போது அந்த வேலையைச் செய்கிறவர்களிடம் எப்படிப் பிரிக்கிறீர்கள் என்று மட்டும் கேட்டுவிட்டு வந்துவிடாதே. கேட்டால் அவர்கள் ஞானமுத்து மாதிரிதான் சொல்வார்கள். பக்கத்தில் இரு, கையைப் பார், எந்த உறையைக் கையில் எடுத்ததும் தயங்குகிறார்கள் என்று பார். உன் இயந்திரம் ஒன்றை ஏழு என்று வாசித்து வேறு ஊருக்கு அனுப்பிவிட்ட உறையில் ஒரு பிள்ளையின் இன்டர்வியூ கடிதம் இருக்கலாம். அந்தப் பிள்ளை தபால் ஆபீசில் வந்து கேட்டால், "மிஷின் பிரிச்சது" என்று பதில் வரும். அதற்குமேல் அது யாரிடம் போய்க் கேட்கும்? அந்தக் கேள்விக்கு ஒப்பந்தத்தில் ஒரு வரி இடம் வேண்டும் என்று கேள். கொடுக்காவிட்டால் அப்போது யோசி. தப்பு என்று தெரிந்தால் அன்றைக்கே உன் பெயரைப் போட்டு எழுதிக் கொடு. மறுநாள் என்று வைத்துக்கொள்ளாதே.

இந்த இடம் வரைக்கும் எழுதிவிட்டுத்தான் இரண்டாவது தடவை கிழித்தேன். உனக்கு இத்தனை புத்தி சொல்கிறவள், பத்து மைல் பஸ்ஸில் போக வேண்டிய ஊருக்குப் பன்னிரண்டு வருஷமாகப் போகவில்லையே என்று வெட்கமாக இருந்தது. போன சனிக்கிழமை ராஜபாளையத்தில் பஸ் மாறிச் சோழபுரத்தில் இறங்கினேன். கருப்பசாமி வீடு எது என்று கேட்டதற்கு, "மில்லு கருப்பசாமியா?" என்றார்கள். மில்லை விட்டு இத்தனை வருஷமாகியும் ஊரில் அவருக்கு அதுதான் பெயர்.

வீட்டு முன்னால் வேப்பமரத்தடியில் உட்கார்ந்து பருத்திக்கு மருந்தடிக்கிற பம்பைப் பிரித்துப் போட்டுத் துடைத்துக்கொண்டிருந்தார். நாற்பத்தைந்து வயதிருக்கும். என்னை அடையாளம் தெரியவில்லை. எங்கே தெரியும், அவர் என்னைப் பார்த்ததே இல்லை. மில்லில் கம்ப்யூட்டர் பட்டியல் போட்டது நான்தான் என்று சொன்னேன். சட்டென்று எழுந்து, மடித்துக் கட்டிய வேட்டியை இறக்கிவிட்டார். "உக்காருங்க டீச்சர்" என்று கட்டிலைத் தட்டிவிட்டார். எனக்குத் திட்டு வாங்கினால் தேவலை போலிருந்தது. அவர் திட்டவில்லை. பம்பின் வாஷரைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். பிறகு, "ஒண்ணு கேக்கலாமா? தப்பா நெனைக்கக் கூடாது. அந்தக் கம்ப்யூட்டர் எங்கிட்ட என்ன குறையைக் கண்டுச்சு?" என்றார்.

எனக்குப் புரியவில்லை. அவரே சொன்னார். "ஞானமுத்து சார் போட்ட பட்டியலா இருந்தா சட்டையைப் பிடிச்சுக் கேட்டிருப்பேன். இது கம்ப்யூட்டர் போட்டதுன்னாக. பேரு இங்கிலீசுல இருந்துச்சு, இன்னொருத்தர்தான் வாசிச்சுச் சொன்னாரு. அதுக்கு வேண்டியவன் வேண்டாதவன் கெடையாது, பொய் சொல்லாதுன்னாக. அப்ப நம்மகிட்டதான் என்னமோ இருக்குன்னு நெனச்சுக்கிட்டேன். லேட்டா எத்தனையோ பேரு வந்தான். எம்பேரை மட்டும் ஏன் போடணும்? அறுந்த நூலை ஒட்டுறதுல கை மெதுவா இருந்திருக்குமோ, செத்த நேரம் கண் அசந்ததைக் கண்டிருக்குமோன்னு நெனச்சுப் பாக்கதுதான். எம் பொண்டாட்டி வீட்டுலயும் சொல்லிக் காமிப்பாக. மிஷினே வேண்டாம்னு தள்ளுன ஆளுன்னு."

மீனா, அந்த மூன்று வாரத்தில் தாமதமாக வந்த மற்றவர்கள், ஒருவரைத் தவிர, எல்லாரும் நிரந்தர ஆட்கள். அவர்கள் பெயர் அந்தப் பட்டியலில் வராது. பதிலியான அந்த ஒருவருக்கும் இன்னும் இரண்டு நாள் தவறியிருந்தால் அவர் பெயரும் வந்திருக்கும். அவ்வளவுதான் விஷயம். இது தெரியாமல் ஒரு மனிதர் பன்னிரண்டு வருஷம் தன் கையையும் கண்ணையும் சந்தேகப்பட்டிருக்கிறார். "உங்ககிட்ட ஒரு குறையும் இல்லை. குறை என் புரோகிராமில்தான். நீங்க சங்கரன் சைக்கிளில் வர்றது அதுக்குத் தெரியாது, எனக்கும் தெரியாது, உங்க ரெண்டு பேரையும் பிரிச்சுப் போட்டுட்டேன். தெரிஞ்ச பிறகும், என் காரியம் முடியட்டும்னு சொல்லாம இருந்துட்டேன்" என்றேன். எப்படியோ சொல்லி முடித்தேன்.

அவர் வாஷரைக் கீழே வைத்தார். வீட்டுப் பக்கம் திரும்பி, "ஏட்டி பேச்சி, செத்த இங்க வா" என்று சத்தம் கொடுத்தார். அவர் மனைவி ஈரக் கையை முந்தானையில் துடைத்தபடி வெளியே வந்தாள். "டீச்சர், இப்பச் சொன்னதை இன்னொரு தரம் சொல்லுங்க. இவளும் கேக்கட்டும்" என்றார்.

சொன்னேன். குறை அவரிடம் இல்லை, புரோகிராமில்தான் என்றேன், சைக்கிள் விஷயத்தைச் சொன்னேன். அதோடு நிறுத்திக்கொண்டேன். பேச்சியம்மாள் புருஷன் முகத்தைப் பார்த்தாள். அவர் என்னையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"கடைசியில ஒண்ணு சொன்னியளே டீச்சர்," என்றார். "அதையும் சொல்லுங்க."

சொன்னேன்.

உன்
அம்மா